நான்காம் அடுக்கு

சென்ற வாரம் தபால்காரர் போட்டுவிட்டுப் போன இரண்டு உறைகளையும் மாமியார்தான் பிரித்தார். பிரித்துப் படித்து, இரண்டையும் மேசைமேல் பக்கம் பக்கமாக வைத்துவிட்டு, "இதுக்கு நான் சிரிக்கணுமா அழணுமா, யாராவது சொல்லுங்க" என்றார்.

பேராலயத்தின் தலைமை ஆர்கன் கலைஞர் பதவி. நாற்பத்தொரு பேர் விண்ணப்பித்து, மூன்று சுற்று வாசித்து, கடைசியில் மிஞ்சியது இரண்டே பேர். ஒருவன் அவர் மகன். இன்னொருத்தி அவர் மருமகள்.

இறுதிச் சுற்று இன்று காலை பத்து மணிக்கு.

ஒரு உறையில் இரண்டு கத்தி இருக்காது என்பார்கள். இந்த வீட்டில் ஆறு நாளாக இருந்தன. அதுவும் உரசிக்கொள்ளாமல், மகா மரியாதையாக இருந்தன. அந்த மரியாதையைத்தான் மருமகளால் தாங்க முடியவில்லை.

"நீங்க முதல்ல குளிங்க."

"இல்ல, நீ போ."

"பரவாயில்ல, நீங்களே போங்க."

இப்படியே உபசாரம் நடந்து, நேற்று இரண்டு பேருமே குளிக்கவில்லை.

இருவரும் ஒரே இசைக் கல்லூரியில் படித்தவர்கள். தனியாக இருக்கும்போது வாடா போடாதான். மாமியார் எதிரில் மட்டும் அவள் 'நீங்க' போடுவாள். மாமியாருக்கு அது தெரியும். தெரியாத மாதிரி இருப்பதில் அவருக்கு ஒரு சுகம்.

அவன் பத்து வயதிலேயே ஆர்கனில் உட்கார்ந்தவன். காலால் வாசிக்கும் பெடல் கட்டைகளுக்குக் கால் எட்டாமல், இருக்கையின் நுனியில் தொங்கிக்கொண்டு வாசித்தவன். அவள் கதை வேறு. பதினொன்றாம் வயதில், பள்ளியின் சாமான் அறையில், மடக்கு நாற்காலிகளுக்கு அடியில் ஹார்ப்சிகார்ட் என்ற பழைய கீபோர்டு வாத்தியம் ஒன்றைக் கண்டுபிடித்தாள். கட்டையை அழுத்தினால் உள்ளே ஒரு சின்ன முள் கம்பியைச் சுண்டிவிடும், அவ்வளவுதான். ஓங்கி அடித்தாலும் அதே சத்தம், தடவினாலும் அதே சத்தம். "இதுல என்னம்மா உணர்ச்சி காட்ட முடியும்?" என்று எல்லோரும் கேட்டார்கள். நேரத்தை வைத்துக் காட்டலாம் என்பதைக் கற்றுக்கொள்ள அவளுக்கு ஒன்பது வருடம் ஆயிற்று. ஒரு ஸ்வரத்தை இமைப்பொழுது தாமதித்தால், கேட்பவர் காதுக்கு அது அழுத்தி வாசித்த மாதிரி இருக்கும்.

ஆனால் ஹார்ப்சிகார்ட் வாசிக்கிறவளுக்கு யார் வேலை கொடுப்பார்கள்? பாடகர்களுக்குப் பின்னால், வயலின்களுக்குப் பின்னால், எப்போதும் யாருக்காவது பின்னால் உட்கார்ந்து பல வருடம் ஓட்டினாள். இருபத்துநாலு வயதுக்கு மேல்தான் ஆர்கனுக்கு வந்தாள். கால் விரலெல்லாம் கன்றிப்போகக் கற்றாள். முன்னால் உட்கார ஒரு இடம் வேண்டும். இன்றைக்கு விட்டால் இன்னொரு முறை இந்த நாற்காலி காலியாக இருபது வருடம் ஆகலாம்.

அவனுக்கும் அதே நாற்காலிதான் வேண்டும். அதுதான் வம்பு.

இதில் மாமியாருக்கு ஒரு வேடம் இருந்தது. போட்டியாளர் ஒவ்வொருவரும் பக்கம் திருப்ப ஓர் உதவியாளரை அழைத்து வரலாம். இரண்டு விண்ணப்பத்திலும் ஒரே பெயர், மாமியார் பெயர். ரயில் நிலையத்து டிக்கெட் கவுன்டரில் முப்பத்தொரு வருடம் உட்கார்ந்து ஓய்வு பெற்றவர். தெருவில் 'கவுன்டர் அம்மா' என்றால்தான் தெரியும். ஸ்வரம் ஒன்றுகூடப் படிக்கத் தெரியாது. வாசிக்கிறவர் முகவாய் அசைந்தால் பக்கத்தைத் திருப்ப வேண்டும், அவ்வளவுதான் அவர் சங்கீதம்.

"கவுன்டர்ல உட்கார்ந்தா முன்னாடி நிக்கிறது மகனா மந்திரியான்னு பாக்கக் கூடாது. அடுத்த ஆளுன்னு கூப்பிடணும். நீங்க ரெண்டு பேரும் எனக்கு இன்னைக்கு அடுத்த ஆளு" என்று வாசலிலேயே அறிவித்துவிட்டார்.

*

தவறு நடந்தது காலை ஏழரை மணிக்கு.

பேராலயத்து ஆர்கனுக்கு அறுபது ஸ்டாப்புகள். ஒவ்வொன்றும் ஒரு மரக் குமிழ். இழுத்தால் அந்த ஒலிக்குரிய குழல்களுக்குள் காற்று போகும். புல்லாங்குழல் மாதிரி ஒன்று, எக்காளம் மாதிரி ஒன்று. வாசிக்கும்போது அத்தனையையும் இழுத்துத் தள்ள நேரம் ஏது? அதனால் எந்த இடத்தில் எந்த ஸ்டாப்புகள் என்று முன்கூட்டியே முடிவு செய்து, பட்டன்களில் பதிந்து வைத்துக்கொள்வார்கள். வாசிக்கும்போது கட்டைவிரலால் பட்டனைத் தட்டினால் போதும்.

பலர் வாசிக்கிற வாத்தியம் என்பதால், பதிந்ததெல்லாம் கலந்துவிடாமல் வாத்தியத்தின் நினைவில் ஆளுக்கொரு அடுக்கு. குலுக்கலில் அவன் எண் ஒன்று, அவனுக்கு நான்காம் அடுக்கு. அவள் எண் இரண்டு, ஐந்தாம் அடுக்கு. அவனுக்குத் தயாராக நேற்று மாலை ஒரு மணி நேரம் கொடுத்தார்கள். அவளுக்கு இன்று காலை.

காலையில் சுவிட்சைப் போட்டதும் வாத்தியம் நேற்றுக் கடைசியாக இருந்த அடுக்கில்தான் கண் விழிக்கும். முதலில் எண்ணை மாற்ற வேண்டும். ஆர்கன் படிக்கிற எவருக்கும் முதல் வாரத்திலேயே சொல்லிக்கொடுப்பது அது. ஆறு நாளாகச் சரியாகத் தூங்காத மருமகள் மாற்றவில்லை. பதினெட்டு பட்டன்களிலும் தன் ஸ்டாப்புகளை வரிசையாகப் பதிந்து, திருப்தியோடு பாட்டு முணுமுணுத்துக்கொண்டே இறங்கி வந்தாள்.

ஒன்பது முப்பத்தைந்துக்கு, மூவரும் காத்திருந்த பக்கத்து அறைக்கு, பேராலயத்துச் சாவிக்காரர் கையெழுத்து வாங்க வந்தார்.

"முதல் ஆளுக்கு நாலாம் அடுக்கு. உங்களுக்கு அஞ்சு. காலையில நம்பரை மாத்திட்டுத்தானே பதிஞ்சீங்க?"

காப்பிக் கோப்பை வாய்க்குப் பாதி வழியில் நின்றது. சின்னக் கண்ணாடிச் சதுரத்தில் ஒளிர்ந்த சிவப்பு எண் அவள் கண்முன் வந்தது. நாலு. அத்தனை நேரமும் நாலு.

"ம்" என்றாள்.

சாவிக்காரர் போய்விட்டார். ஒன்பதரைக்கு மேல் யாரும் ஆர்கனைத் தொடக் கூடாது. குழுவினர் கீழே வந்து உட்கார்ந்தாயிற்று. அவளுடைய பதினெட்டும் நாலாம் அடுக்கில் பத்திரமாக இருந்தன. அவனுடையது எங்கேயும் இல்லை.

திருடனுக்குத் தேள் கொட்டினாற்போல் உட்கார்ந்திருந்தாள்.

சொல்லாமல் இருந்தால்? அந்த நினைப்பு வரத்தான் செய்தது. வரவில்லை என்று சொன்னால் அது பொய். அவன் முதல் பட்டனைத் தட்டுவான். மெல்லிய குழல் வர வேண்டிய இடத்தில் எக்காளம் அலறும். தடுமாறுவான். பிறகு தன்னைத்தான் சந்தேகிப்பான். வீட்டுச் சாவியை ஃபிரிட்ஜில் வைத்துவிட்டுக் கட்டிலுக்கடியில் தேடுகிற மனுஷன். 'நான்தான் பதிய மறந்திருப்பேன்' என்று அவனே சொல்வான். இவள் தோளைத் தட்டி ஆறுதல் சொல்லலாம். முன்னால் ஓர் இடம் கிடைத்துவிடும்.

எதிரே அவன் குனிந்து, மெல்லிய தோல் அடிப்பாகம் வைத்த ஆர்கன் காலணியின் நாடாவைக் கட்டிக்கொண்டிருந்தான். இரட்டை முடிச்சு. கல்லூரிப் பரீட்சைக்கும் அப்படித்தான் கட்டினான். அவளுக்கு அதற்கு மேல் முடியவில்லை.

"டேய்" என்றாள். "உன் நாலாம் அடுக்கை அழிச்சிட்டேன்."

மாமியார் வெடுக்கென்று திரும்பினார். 'டேய்'க்குத் திரும்பினாரா, 'அழிச்சிட்டேன்'னுக்குத் திரும்பினாரா, தெரியவில்லை.

"எவ்வளவு?" என்றான் அவன்.

"பதினெட்டும்."

அவன் முகத்தில் ஈயாடவில்லை. கட்டிய முடிச்சையே பார்த்துக்கொண்டிருந்தான். பிறகு மெதுவாக, "வேணும்னே பண்ணினியா?" என்று கேட்டான்.

"வேணும்னே பண்ணிட்டு உங்கிட்ட வந்து சொல்ற அளவுக்கு நான் மக்கா?"

அவனுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. பயத்தில் வருகிற சிரிப்பு. ஆனாலும் சிரிப்பு சிரிப்புதானே.

"சாரி. கேட்டிருக்கக் கூடாது. இப்ப என்ன பண்றது? கையாலதான் இழுக்கணும். அம்மாவுக்குப் பக்கம்தான் திருப்பத் தெரியும். என் ஸ்டாப் ஒண்ணும் தெரியாதே."

"எனக்குத் தெரியும்."

உண்மைதான். ஆர்கன் வாசிக்கிறவருக்கு, தான் வாசிப்பது கீழே எப்படிக் கேட்கிறது என்று தெரியாது. யாராவது கீழே உட்கார்ந்து சொல்ல வேண்டும். நேற்று ஒரு மணி நேரம் கீழே உட்கார்ந்து 'அது தூக்கலா இருக்கு, இது அமுங்குது' என்று அவனுக்குக் கத்திச் சொன்னதே இவள்தான். போட்டியாளருக்கு இப்படிக் காது கொடுத்த ஆள் உலகத்தில் வேறு உண்டா, தெரியாது.

"உனக்கு எதிரா நீயே எனக்கு ஸ்டாப் இழுப்பியா?" என்றான்.

"பேசிட்டே இருந்தா மணி பத்தாயிடும்."

மாமியார் அதற்குள் எழுந்துவிட்டார். சாவிக்காரரை மடக்கி, ஒன்றாம் எண்ணின் படிவத்தை வாங்கி, உதவியாளர் இடத்தில் தன் பெயரைத் தானே அடித்து, மருமகள் பெயரை எழுதினார். ஓரத்தில் 'மணி 9.48' என்று போட்டு, "இங்க ஒரு கையெழுத்து போடுங்க. பயணத்துக்கு முன்னாடி பேர் மாத்தினா செல்லும். வண்டி கிளம்பின பிறகு மாத்தினாத்தான் செல்லாது" என்றார். சாவிக்காரர் எதற்கென்றே புரியாமல் போட்டுக்கொடுத்தார்.

*

சுழல் படிக்கட்டின் உச்சியில் ஆர்கன் மேடை. கீழே உட்கார்ந்திருக்கும் குழுவினருக்கு வாசிப்பவரைத் தெரியாது. தெரியக் கூடாது என்பதுதான் ஏற்பாடும். எண்தான் பெயர்.

"எண் ஒன்று, ஆரம்பிக்கலாம்" என்று கீழேயிருந்து ஒரு முதிய குரல் வந்தது. தேர்வுக் குழுத் தலைவி. முன்பு இதே நாற்காலியில் உட்கார்ந்தவர்.

முதல் உருப்படி அதிவேகம். மருமகள் இரண்டு பக்கமும் பாய்ந்து பாய்ந்து இழுத்தாள். அவன் தோளுக்கு மேலே ஒரு கை, முதுகுக்குப் பின்னால் ஒரு கை, நடுவில் பக்கம் வேறு திருப்ப வேண்டும். ஒரு தடவை அவள் முழங்கை அவன் காதில் இடித்தது. அவன் நிறுத்தவில்லை. முடிந்தபோது அவளுக்கு மூச்சு வாங்கியது. ஒரு ஸ்டாப்கூடத் தப்பவில்லை.

இரண்டாவது, இருவருக்கும் பொதுவாகக் கொடுக்கப்பட்ட மெதுவான உருப்படி. இதில்தான் நேற்று இரண்டு பேருக்கும் சண்டை. அவன், உள்ளே உலோக நாக்கு அதிரும் குழல் ஒன்றை, ஒலி நடுங்கும்படி போட்டிருந்தான். அவள் அதற்கு 'இருமல்காரர்' என்று பெயர் வைத்திருந்தாள். "சளி பிடிச்சவர் அழற மாதிரி இருக்குடா" என்று கீழேயிருந்து கத்தினாள். "எனக்குப் பிடிச்சிருக்கு" என்று அவன் மேலேயிருந்து கத்தினான். இந்த உருப்படிக்கு எந்த ஒலி பொருந்தும் என்று அவளுக்குத் தெரியும். மேல் வரிசைக் கோடியில் ஒரு சின்ன மரப் புல்லாங்குழல். யாரும் தனியாகப் போட மாட்டார்கள். அதுதான் அவளுடைய துருப்புச் சீட்டு. அதனால்தான் வாயை மூடிக்கொண்டிருந்தாள்.

அவன் கைகள் கட்டைமேல் தயாராக நின்றன. மண்டபம் நிசப்தமாக இருந்தது. அவள் கை இருமல்காரரை நோக்கிப் போயிற்று. போனது, பாதி வழியில் திரும்பி, மேல் வரிசைக் கோடிக்குப் போய் அந்த மரப் புல்லாங்குழலை இழுத்துவிட்டது.

யோசித்துச் செய்யவில்லை. அந்த நொடியில் போட்டி, பதவி, கணவன், எதுவும் அவள் நினைவில் இல்லை. அந்த இசைக்கு அந்த ஒலிதான் வேண்டியிருந்தது.

முதல் ஸ்வரத்தில் அவன் முதுகு விறைத்தது. இரண்டாவதில் காதைக் கொடுத்தான். மூன்றாவதிலிருந்து அவன் வாசித்ததை, கல்யாணமாகி ஐந்து வருடத்தில் அவள் கேட்டதில்லை. ஒலி அவனைக் கூட்டிக்கொண்டு போயிற்று, அவனும் முரண்டு பிடிக்காமல் போனான். கடைசி ஸ்வரம் மண்டபத்தில் கரைந்து முடிந்த பிறகும் அவன் கையை எடுக்கவில்லை.

அப்புறம்தான் உறைத்தது. 'அய்யோ! என் சீட்டை இவனுக்கே போட்டுட்டேனே!'

*

அவள் முறை வந்தபோது, மாமியார் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு பக்கத்தில் நின்றார். வேகமான உருப்படி, நாலாம் அடுக்கிலேயே இருந்த அவள் பட்டன்களின் தயவில் சுலபமாகப் போயிற்று.

மெதுவானது வந்தது. அதே புல்லாங்குழலைப் போட்டால், முன்னவரைப் பார்த்துக் காப்பியடித்தவள் என்பார்கள். பட்டனைத் தொடாமல், எல்லாவற்றையும் உள்ளே தள்ளிவிட்டு, ஒரே ஒரு ஸ்டாப்பை இழுத்தாள். எந்த ஆர்கனிலும் இருக்கிற, எந்த அலங்காரமும் இல்லாத, சாதாரணக் குழல். மிச்சத்தை விரல் பார்த்துக்கொள்ளட்டும் என்று விட்டாள். ஒரு ஸ்வரத்தைத் தாமதித்தாள். இன்னொன்றை முந்தவிட்டாள். ஹார்ப்சிகார்ட் முன் உட்கார்ந்து ஒன்பது வருடம் படித்த பாடம் அது.

முகவாய் அசைந்தது. பக்கம் திரும்பவில்லை. ஓரக்கண்ணால் பார்த்தாள். மாமியார் கண்ணை மூடிக்கொண்டு நின்றார். நல்ல வேளை, அடுத்த பக்கம் அவளுக்கு மனப்பாடம்.

*

அரை மணி நேரம் கழித்து மூன்று பேரையும் கீழே கூப்பிட்டார்கள். ஆறு பேர் கொண்ட குழு. நடுவில், ஏழாவதாக, கைத்தடியோடு தலைவி.

"ஓட்டு மூணுக்கு மூணு" என்றார் தலைவி. "ரெண்டாம் எண்ணோட விரல் எங்களுக்குப் பிடிச்சது. ஒண்ணாம் எண், அந்த மெதுவான உருப்படிக்கு எடுத்தாங்களே ஒரு புல்லாங்குழல், அப்படி ஒரு காது இந்த மேடைக்கு வந்து ரொம்ப நாளாச்சு. அதனால என் ஓட்டை ஒண்ணாம் எண்ணுக்குப் போட்டிருக்கேன். யாரு அது?"

மருமகள் கணவனைப் பார்த்தாள். பக்கத்தில் அவன் ஒரு முறை மூச்சை இழுத்து விட்டான்.

"ஒண்ணாம் எண் நான்தான்" என்றான். "ஆனா அந்தக் காது என்னோடது இல்ல. நான் வேற ஸ்டாப் போட்டிருந்தேன். அதை இழுத்தது இவ. ரெண்டாம் எண்."

கைத்தடி ஒரு முறை தரையில் தட்டியது. "உங்க பட்டன் என்ன ஆச்சு?"

"நான் அழிச்சிட்டேன்" என்றாள் மருமகள். "நம்பரை மாத்தாம அவர் அடுக்கு மேலேயே பதிஞ்சிட்டேன். தெரிஞ்சதும் சொல்லிட்டேன்."

குழுவில் ஒருவர் தொண்டையைக் கனைத்தார். "போட்டியாளரே உதவியாளரா நிக்கிறது விதியில…"

"நிக்கக் கூடாதுன்னு விதியில இல்லீங்க. படிச்சுப் பாத்துட்டேன்" என்று மாமியார் படிவத்தை நீட்டினார். "ஒரு உதவியாளர்னு போட்டிருக்கு. ஒருத்தர்தான் நின்னாங்க. பேர் மாத்தினது பத்து மணிக்கு முன்னாடி. கையெழுத்தும் இருக்கு."

மகனுக்குக் கிடைத்த பதவியை மகனே தட்டிவிட்ட அந்த நிமிடத்திலும் அவர் நீட்டிய படிவத்தைத் தாழ்த்தவில்லை. கண் மட்டும் கலங்கியிருந்தது.

தலைவி படிவத்தைப் பார்க்கவே இல்லை. மருமகளைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

"நானும் ஒரு தடவை ஒருத்தரோட அடுக்கை அழிச்சிருக்கேன்" என்றார். "இதே போட்டியில. நான் சொல்லல."

கைத்தடியை எடுத்து மடிமேல் வைத்துக்கொண்டார்.

"என் ஓட்டை மாத்திக்கிறேன். ஞாயிற்றுக்கிழமை காலை ஆராதனைக்கு நீங்க வாசிங்கம்மா. நல்ல உதவியாளரா ஒருத்தரைக் கூட்டிட்டு வாங்க."

*

வெளியே நல்ல வெயில். மாமியார், "பஸ் வருதான்னு பாக்கறேன்" என்று சொல்லிவிட்டு விறுவிறுவென்று முன்னால் நடந்தார். அந்தப் பக்கம் பஸ்ஸே வராது என்பது அவருக்கும் தெரியும்.

வாசற்படியில் அவன் உட்கார்ந்தான். அவளும் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"வாழ்த்துகள். மனசாரத்தான் சொல்றேன்" என்றான்.

"தெரியும்டா."

"அந்த ஸ்டாப்… நேத்தே சொல்லியிருக்கலாம்ல நீ?"

"சொல்லியிருந்தா நீ ஜெயிச்சிருப்பியே."

அவன் சிரித்தான். சிரிப்பு பாதியில் நின்றுவிட்டது.

"பத்து வயசுலேர்ந்து இங்க கீழ நின்னு அந்த மேடையை அண்ணாந்து பாத்துட்டிருக்கேன். உனக்குக் கிடைச்சதுல எனக்குச் சந்தோஷம். வேற யாருக்குக் கிடைச்சிருந்தாலும் இவ்வளவு சந்தோஷம் இருந்திருக்காது. இவ்வளவு வலிச்சும் இருக்காது."

அவள் அவன் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"ஒரு உதவி பண்ணு" என்றான். "ரெண்டு நாளைக்கு எங்கிட்ட 'நல்லா இருக்கியா'ன்னு கேக்காதே. மூணாவது நாள் கேளு. பதில் சொல்றேன்."

"சரி."

அவன் எழுந்து, அம்மா போன பக்கமாக நடந்தான். அவள் உட்கார்ந்தபடியே மனசுக்குள் எண்ணிப் பார்த்தாள். இன்றைக்கு வியாழன். வெள்ளி ஒன்று, சனி இரண்டு.

மூன்றாவது நாள் ஞாயிறு. அன்று காலை அவள் மேடையில் இருப்பாள். அவனிடம் அந்தக் கேள்வியைக் கேட்க வேண்டுமென்றால், அவன் உதவியாளராகப் படியேறி மேலே வந்திருக்க வேண்டும்.